பரிசுச் சீட்டும் பாட்டாளியின் கஞ்சியும்

(சங்கரன்கோவில் வட்டம் பனவடலிசத்திரத்தில் விவசாயத் தொழிலாளர்களும் பீடித் தொழிலாளர்களும் கூடிய பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரை)



கூலி உயர்வைப் பற்றியும் குடிமனைப் பட்டாவைப் பற்றியும் எனக்கு முன் பேசிய தோழர்கள் விளக்கமாகச் சொல்லிவிட்டார்கள். நான் பேச எடுத்துக்கொண்ட விஷயம் லாட்டரி. கூலிக்காகக் கூடிய கூட்டத்தில் லாட்டரிக்கு என்ன வேலை என்று சிலர் நினைக்கலாம். சம்பந்தம் இருக்கிறது. போராடி வாங்கிய கூலி வீடு போய்ச் சேருகிறதா, வழியிலேயே பறிபோகிறதா என்று பார்ப்பதும் சங்கத்தின் வேலைதான். நாள் கூலியில் பத்து ரூபாய் கூட்டுவதற்கு மாதக்கணக்கில் போராடுகிறோம். அதே கூலியிலிருந்து ஐம்பது ரூபாயை ஒரு துண்டுக் காகிதத்துக்காக ஒருவன் வாங்கிக்கொண்டு போகிறான் என்றால், அவன் யார், அந்தப் பணம் எங்கே போகிறது என்று நாம் கேட்க வேண்டாமா?

மூணு நம்பர் வியாபாரம்

தமிழ்நாட்டில் லாட்டரிச் சீட்டு விற்பனை 2003 ஜனவரியிலிருந்து தடை செய்யப்பட்டிருக்கிறது. தடை வந்து இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது. ஆனாலும் நமது மாவட்டம் உட்படப் பல மாவட்டங்களில் "மூணு நம்பர்" என்ற பெயரில் வியாபாரம் நடக்கிறது. பிடிபட்டவர்களைப் பற்றிய செய்தி அடிக்கடி பத்திரிகையில் வருகிறது.

இந்த வியாபாரம் எப்படி நடக்கிறது? கேரள சர்க்கார் லாட்டரியின் தினசரிக் குலுக்கல் பிற்பகல் 3 மணிக்குத் திருவனந்தபுரத்தில் நடக்கிறது. குலுக்கல் நடக்கும் மண்டபத்தின் பெயர் கோர்க்கி பவன். 'தாய்' நாவலை எழுதினாரே, அந்த மாக்ஸிம் கார்க்கியின் பெயர்தான்! அங்கே முதல் பரிசு விழுந்த எண்ணின் கடைசி மூன்று இலக்கங்களை எடுத்துக்கொண்டு இங்கே ஒருவன் சூதாட்டம் நடத்துகிறான். அச்சடித்த சீட்டு கிடையாது. சர்க்கார் முத்திரை கிடையாது. துண்டுக் காகிதத்தில் மூன்று எண் எழுதிக் கொடுக்கிறான். இப்போது காகிதம்கூட வேண்டாம், செல்போனில் வாட்ஸ்அப் போதும் என்று ஆகிவிட்டது. கேரள சர்க்காருக்கு இதில் ஒரு பைசா போவதில்லை. தமிழ்நாட்டு சர்க்காருக்கும் போவதில்லை. டீக்கடை ஓரத்தில் நின்று எழுதுகிற பையனுக்குக் கொஞ்சம் கமிஷன். மீதி முழுவதும் முகம் காட்டாத முதலாளிக்கு.

இதை விளையாட்டு என்று யாராவது சொன்னால், விழுப்புரத்தை நினைத்துப் பாருங்கள். 2019 டிசம்பரில் அங்கே ஒரு நகைத் தொழிலாளியும், அவர் மனைவியும், மூன்று பெண் குழந்தைகளும் மாண்டுபோனார்கள். மூன்று நம்பர் லாட்டரியில் பணத்தை இழந்து கடனில் மூழ்கிய குடும்பம் அது. நாடே அதிர்ந்தது. போலீஸ் நாலு நாள் வேட்டையாடியது. பிறகு மறுபடியும் வியாபாரம் தொடர்ந்தது.

கணக்குப் பார்ப்போம்

நான் சூது பாவம் என்று உபதேசம் செய்ய வரவில்லை. திருக்குறளில் சூதுக்கென்றே ஓர் அதிகாரம் இருக்கிறது; பாரதக் கதையில் தருமர் சூதாடி நாட்டையும் மனைவியையும் தோற்ற கதை நம் ஊர்க் கூத்து பார்த்த பிள்ளைக்குக்கூடத் தெரியும். தெரிந்தும் மனிதர்கள் ஆடுகிறார்கள். ஆகவே உபதேசத்தை விட்டுவிட்டுக் கணக்குப் பார்ப்போம்.

மூன்று இலக்கம் என்றால் 000 முதல் 999 வரை ஆயிரம் எண்கள். ஒரு எண்ணுக்கு 50 ரூபாய் என்றும், விழுந்தால் 25,000 ரூபாய் என்றும் வைத்துக்கொள்வோம். ஆயிரம் எண்ணையும் ஆயிரம் பேர் வாங்கினால் முதலாளி கைக்கு வருவது 50,000 ரூபாய். அவன் கொடுப்பது 25,000. நடுவில் நிற்பது 25,000. எந்த நம்பர் விழுந்தாலும் அவனுக்குக் கவலை இல்லை.

இப்போது ஆடுகிறவன் பக்கம் வருவோம். தினமும் 50 ரூபாய் கட்டினால் மாதம் 1,500, வருஷம் 18,250. விடாமல் ஆயிரம் நாள், அதாவது சுமார் இரண்டே முக்கால் வருஷம் கட்டினால் 50,000 ரூபாய் போயிருக்கும். கணக்குப்படி அந்த ஆயிரம் நாளில் ஒரு தடவை விழும் என்று எதிர்பார்க்கலாம். விழுந்தாலும் 25,000 நஷ்டம். "ஆயிரம் நாள் கட்டினால் ஒரு தடவை விழுந்துதானே தீர வேண்டும்?" என்று நினைக்காதீர்கள். அப்படிக் கட்டியவர்களில் நூற்றுக்கு 37 பேருக்கு ஒரு தடவைகூட விழாது. இது கணித சாஸ்திரம். நேற்று விழுந்த எண் இன்று விழாது என்பதும், ரொம்ப நாள் விழாத எண் சீக்கிரம் விழும் என்பதும், கனவில் வந்த எண் அதிர்ஷ்டம் என்பதும் வெறும் மயக்கம். குலுக்கல் இயந்திரத்துக்கு நேற்று என்ன நடந்தது என்று தெரியாது.

"அது கள்ள வியாபாரம், சர்க்கார் லாட்டரி யோக்கியமானது அல்லவா?" என்று கேட்பீர்கள். யோக்கியமானதுதான். சீட்டு உண்மை, குலுக்கல் உண்மை, பரிசும் உண்மை. அதற்கும் கணக்கு உண்டு. 2023-ம் ஆண்டு கேரளத்தின் திருவோணம் பம்பர் சீட்டின் விலை 500 ரூபாய். முதல் பரிசு 25 கோடி. விற்ற சீட்டுகள் 75 லட்சத்துக்கு மேல். வசூலான தொகை சுமார் 379 கோடி ரூபாய். எல்லாப் பரிசும் சேர்த்து சுமார் 125 கோடி. அதாவது, சீட்டு வாங்கியவர்கள் போட்ட ஒவ்வொரு மூன்று ரூபாயிலும் ஒரு ரூபாய்தான் பரிசாகத் திரும்பியது.

அந்த 25 கோடி நமது தமிழ்நாட்டுக்கே வந்தது. திருப்பூர்ப் பக்கத்து நால்வர் சேர்ந்து எடுத்த சீட்டுக்கு விழுந்தது. அந்தச் செய்தியைப் பார்த்த பிறகு எத்தனை பேர் எல்லை தாண்டிச் சீட்டு வாங்கப் போனார்கள்! செங்கோட்டை, புளியரை தாண்டினால் ஆரியங்காவில் சீட்டுக் கடைகள் வரிசையாக நிற்கின்றன. ஆனால் 75 லட்சம் என்பது எவ்வளவு என்று யோசித்துப் பாருங்கள். 2011 கணக்குப்படி நமது தென்காசி மாவட்டத்தின் ஜனத்தொகை சுமார் 14 லட்சம். இதுபோல் ஐந்து மாவட்டத்து ஜனங்களை, கைக்குழந்தை முதல் கிழவர் வரை, ஒரே மைதானத்தில் நிறுத்தி, கண்ணை மூடிக்கொண்டு ஒருவரைத் தொடுவது போல. தொடப்பட்டவரின் படம் மட்டும் பத்திரிகையில் வருகிறது. மற்றவர்கள் எல்லாம் கையிலிருந்த 500 ரூபாயைக் கொடுத்துவிட்டு வீடு திரும்புகிறார்கள்.

இதைக் கம்யூனிஸ்டுகள் மட்டும் சொல்லவில்லை. முதலாளித்துவப் பொருளாதாரத்தின் தந்தை என்று கொண்டாடப்படுகிற ஆடம் ஸ்மித்தே 1776-ல் வெளியிட்ட தமது நூலில் லாட்டரியைப் பற்றி இதே கணக்கைப் போட்டிருக்கிறார். ஒருவனே எல்லாச் சீட்டையும் வாங்கினால் அவனுக்கு நஷ்டம் நிச்சயம் என்பது அவர் காட்டிய உண்மை.

குலுக்கல் குற்றமா?

குலுக்கிப் போட்டு எடுப்பது நம் நாட்டுக்குப் புதிதல்ல. உத்திரமேரூர்க் கல்வெட்டைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். முதலாம் பராந்தக சோழன் காலத்தில், சுமார் கி.பி. 920-ல், பெயர் எழுதிய ஓலைகளைக் குடத்தில் இட்டு, ஒரு சிறு பிள்ளையை விட்டு எடுக்கச் சொல்லி, ஊர் வாரியங்களுக்கு உறுப்பினர் தேர்ந்தெடுத்தார்கள். நிலமும் வேதப் படிப்பும் உள்ளவர்களுக்கு மட்டும்தான் அந்தக் குடத்தில் இடம், உழுதவனுக்கு இடமில்லை. அது வேறு பேச்சு. ஆனால் தகுதியுள்ள பலருக்குள் பாரபட்சம் இல்லாமல் ஒருவரை எடுக்க அன்று குலுக்கல் பயன்பட்டது.

நம் வீட்டுத் தாய்மார்கள் போடும் குலுக்கல் சீட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். இருபது பேர் மாதம் ஆயிரம் ரூபாய் போடுகிறார்கள். யாருக்கு முதலில் என்பதைக் குலுக்கல் தீர்மானிக்கிறது. இருபது மாதத்தில் இருபது பேருக்கும் போட்ட பணம் வந்துவிடுகிறது. யோக்கியமாக நடத்தினால் அதில் தோற்றவர் யாருமில்லை. முறை மட்டும்தான் முன்பின் மாறுகிறது.

லாட்டரியிலும் குலுக்கல்தான். வித்தியாசம் எங்கே? இங்கே ஒருவன் ஜெயிக்க லட்சம் பேர் தோற்றே ஆக வேண்டும். தோற்றவர்களின் பணத்தில் ஒரு பங்கு ஜெயித்தவனுக்கும், மற்றப் பங்கு நடத்துகிறவனுக்கும் போகிறது. ஆகவே குலுக்கலின் மேல் நமக்குக் கோபமில்லை. யாருடைய பையிலிருந்து எடுத்து யாருடைய பையில் போடுகிறார்கள் என்பதே நமது கேள்வி.

ஆண்டவர்கள் கண்ட சுலப வழி

சரித்திரத்தைப் பாருங்கள். பணக்காரர்கள் மேல் வரி போட மனமில்லாத ராஜ்யங்கள் லாட்டரியைத் தேடிப் போயிருக்கின்றன. இங்கிலாந்தில் எலிசபெத் ராணி 1560-களில் துறைமுகங்களைச் சீர்ப்படுத்த என்று சொல்லி லாட்டரி நடத்தினாள். 1694-ல் பிரான்சோடு யுத்தம் செய்யப் பணம் வேண்டும் என்று லாட்டரி மூலம் பத்து லட்சம் பவுன் திரட்டினார்கள். உலகம் போற்றும் பிரிட்டிஷ் மியூசியம் பிறந்ததே 1753-ல் பார்லிமெண்ட் அனுமதித்த லாட்டரிப் பணத்தில்தான். கடைசியில் சூதாட்டக் கேடு தாங்காமல் 1826-ல் அந்த சர்க்கார் லாட்டரியை நிறுத்தினார்கள். 1994-ல் மறுபடியும் தேசிய லாட்டரி தொடங்கினார்கள்.

கிழக்கிந்தியக் கம்பெனி அந்த வித்தையை இங்கேயும் கொண்டு வந்தது. கல்கத்தாவில் லாட்டரிப் பணத்தில் டவுன் ஹால் எழும்பியது. 1817 முதல் 1836 வரை லாட்டரிக் கமிட்டி என்றே ஒன்று அமைத்து அந்த நகரத்தில் ரஸ்தாக்களும் குளங்களும் அமைத்தார்கள். விவசாயியைக் கசக்கிப் பிழிந்த நிலவரி கம்பெனியின் லாபத்துக்கும் யுத்தத்துக்கும் போயிற்று. ஊருக்கு ரோடு போட ஜனங்களே சீட்டு வாங்க வேண்டியிருந்தது! பிறகு 1870-ல் அதே வெள்ளைக்கார சர்க்கார், தான் அனுமதிக்காத லாட்டரி அலுவலகம் நடத்துவது குற்றம் என்று பீனல் கோடில் ஒரு பிரிவைச் சேர்த்தது. தனியார் நடத்தினால் குற்றம், சர்க்கார் நடத்தினால் வருமானம் என்ற விசித்திரம் அன்று தொடங்கியது.

சுதந்திர இந்தியாவிலும் அது தொடர்கிறது. சூதாட்டம் சாதாரண வியாபாரம் அல்ல, அதை வியாபார உரிமை என்று கேட்க முடியாது என்று சுப்ரீம் கோர்ட் 1957-ல் தீர்ப்புச் சொன்னது. சர்க்கார் நடத்தினாலும் லாட்டரிக்குச் சூதாட்டத் தன்மை போய்விடாது என்று அதே கோர்ட் 1999-ல் சொன்னது. 1998-ல் பார்லிமெண்ட் ஒரு லாட்டரிச் சட்டம் இயற்றியது. ஒற்றை இலக்க லாட்டரி கூடாது. ஒரு லாட்டரிக்கு வாரத்துக்கு ஒரு குலுக்கலுக்கு மேல் கூடாது. பம்பர் வருஷத்துக்கு ஆறுக்கு மேல் கூடாது என்றெல்லாம் விதித்தது. வாரம் ஒன்றுதானே? ஏழு கிழமைக்கு ஏழு பெயர் வைத்து ஏழு லாட்டரி நடத்தினால் தினமும் குலுக்கலாம்! கேரளத்தில் அப்படித்தான் நடக்கிறது. காருண்யா, ஸ்திரீ சக்தி, சம்ருத்தி என்று பெயர்கள். கருணையும் செழிப்பும் சீட்டின் முகத்தில் இருக்கின்றன.

வீட்டுக்கா, நாட்டுக்கா?

தமிழ்நாட்டில் 1968-ல், அண்ணா முதலமைச்சராக இருந்த காலத்தில், சர்க்கார் பரிசுச் சீட்டு வந்தது. "விழுந்தால் வீட்டுக்கு, விழாவிட்டால் நாட்டுக்கு" என்ற முழக்கம் அன்று பட்டிதொட்டி எங்கும் பரவியது. கேட்க இனிமையான வாசகம். ஆனால் நாட்டுக்குக் கொடுக்க வேண்டியவன் யார்? மில் முதலாளி, எஸ்டேட் முதலாளி, பெரிய நிலச்சுவான்தார் ஆகியோர் சீட்டு வாங்கி நாட்டைக் காப்பாற்றவில்லை. ரிக்‌ஷாத் தொழிலாளியும் தீப்பெட்டித் தொழிலாளியும் தங்கள் கஞ்சிக் காசைக் கொடுத்தார்கள்.

பிறகு வெளி மாநிலச் சீட்டுகள் வெள்ளமாக வந்தன. பூட்டான், சிக்கிம் என்று நாம் கண்ணால் காணாத ஊர்களின் பெயரில் நமது பஸ் நிலையங்களில் சீட்டு விற்றார்கள். உடனே சுரண்டிப் பார்த்துத் தெரிந்துகொள்ளும் சீட்டுக்கு ஜனங்கள் வைத்த பெயர் என்ன? சுரண்டல் லாட்டரி! நாம் நூறு கூட்டம் போட்டு விளக்கும் சங்கதியை ஜனங்கள் ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டார்கள்.

2003 ஜனவரியில் ஜெயலலிதா ஆட்சி எல்லா லாட்டரிகளையும் தடை செய்தது. தடை சரியானது. கூலித் தொழிலாளியின் குடும்பத்துக்கு அது நன்மை செய்தது என்பதை ஒப்புக்கொள்ள நமக்குத் தயக்கம் இல்லை. ஆனால் அதே 2003 நவம்பரில் அதே சர்க்கார் டாஸ்மாக் மூலம் மதுச் சில்லறை விற்பனையைத் தானே எடுத்துக்கொண்டது. கூலிப் பணம் வெளியே போகும் ஒரு வாசலைச் சாத்திவிட்டு இன்னொரு வாசலை அகலத் திறந்தது! சீட்டு விற்றுப் பிழைத்த ஊனமுற்றோரும் முதியோரும் ஒரே நாளில் பிழைப்பை இழந்தார்கள்.

கேரளத்தைப் பற்றி

கூட்டத்துக்கு முன் டீக்கடையில் ஒரு தோழர் என்னைக் கேட்டார்: "அண்ணாச்சி, கேரளாவுல நம்ம ஆளுகதானே லாட்டரிய ஆரம்பிச்சாங்க? அங்க சரின்னா இங்க எப்படித் தப்பாகும்?" நியாயமான கேள்வி. மேடையில் பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

ஆம். 1967-ல் தோழர் இ.எம்.எஸ். நம்பூதிரிபாட் முதலமைச்சராக இருந்த கூட்டணி ஆட்சியில்தான் கேரள லாட்டரி தொடங்கியது. இந்தியாவில் லாட்டரிக்கென்று ஒரு சர்க்கார் இலாகா அமைத்த முதல் மாநிலம் அது. நிதி அமைச்சர் பி.கே.குஞ்ஞு கொண்டுவந்த திட்டம். தனியார் லாட்டரிகளைத் தடை செய்துவிட்டு, 1967 நவம்பர் 1-ந் தேதி முதல் சீட்டை வெளியிட்டார்கள். சீட்டு ஒரு ரூபாய், முதல் பரிசு 50,000 ரூபாய். 1968 ஜனவரி 26-ல் முதல் குலுக்கல். அரிசிப் பஞ்சத்தில் தவித்த மாநிலம். பெரிய வரிகளெல்லாம் டில்லியின் கையில். ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும் பணம் வேண்டும். அந்த நெருக்கடியில் எடுத்த வழி அது.

அதனால் விளைந்த நன்மைகளை மறைக்கக் கூடாது. சீட்டு விற்றுப் பிழைப்பவர்கள் அங்கே லட்சத்துக்கு மேல். அவர்களில் ஊனமுற்றோரும் வேறு வேலை செய்ய முடியாதவரும் ஏராளம். அவர்களுக்கு 2008-ல் சட்டம் போட்டு நலநிதி வாரியம் அமைத்தார்கள். 2011-12-ல் அப்போதைய நிதி அமைச்சர் கே.எம்.மாணி காலத்தில் காருண்யா திட்டம் வந்தது. அந்தப் பணம் புற்றுநோய், இருதய நோய், சிறுநீரக நோய் கண்ட ஏழைகளின் வைத்தியத்துக்குப் போயிற்று. எந்தக் கட்சி ஆண்டாலும் அங்கே லாட்டரி சர்க்காரின் கையிலேயே இருந்து வந்திருக்கிறது. கள்ளச் சீட்டு முதலாளியின் கையில் போவதைவிட இது ஆயிரம் மடங்கு மேல்.

ஆனால், தோழர்களே, நம்மவர்கள் தொடங்கினார்கள் என்பதாலேயே ஒரு காரியம் பாட்டாளிக்கு நன்மையாகிவிடாது. ஒரு ரூபாய்ச் சீட்டு 2025-ல் 50 ரூபாய் ஆயிற்று. ஆண்டு விற்பனை 10,000 கோடி ரூபாயைத் தாண்டிவிட்டது. வாங்குகிறவர் யார்? கட்டட வேலை செய்கிறவர், ஆட்டோ ஓட்டுகிறவர், மீன் விற்கிறவர், வடக்கிலிருந்து வந்த கூலித் தொழிலாளி. நோய் கண்ட ஏழையின் வைத்தியச் செலவை நோய் காணாத ஏழை சீட்டு வாங்கிக் கொடுக்கிறார். பணக்காரன் வேடிக்கை பார்க்கிறான். வைத்தியம் ஜனங்களின் உரிமை. அந்த உரிமைக்குச் செலவாகும் பணம், யாரிடம் அதிகம் இருக்கிறதோ அவரிடமிருந்து வர வேண்டும். லாட்டரியில் அது தலைகீழாக நடக்கிறது. ஆகவே கேரளத்தில் நெருக்கடியில் பிறந்த வழக்கத்தை இங்கே நாம் முன்மாதிரியாகக் கொள்ள முடியாது.

பரிசு விழுந்தவரின் கதையும் ஒன்று உண்டு. 2022-ல் ஓணம் பம்பர் 25 கோடி திருவனந்தபுரத்தில் ஓர் ஆட்டோத் தொழிலாளிக்கு விழுந்தது. சில நாட்களிலேயே அவர், உதவி கேட்டு வருகிற கூட்டத்தால் வீட்டில் இருக்க முடியவில்லை, நிம்மதி போய்விட்டது என்று சொல்ல நேர்ந்தது. வாசலில் நின்றவர்கள் யார்? வைத்தியத்துக்கும் கல்யாணத்துக்கும் கடனுக்கும் வழியில்லாதவர்கள்தான். ஒருவர் தப்பிவிட்டார், அவரைப் போன்றவர்கள் கதவுக்கு வெளியே நிற்கிறார்கள்.

டில்லியின் பங்கு, முதலாளியின் பங்கு

லாட்டரியால் கொழுப்பவர்களை இப்போது பார்ப்போம். மத்திய சர்க்கார் லாட்டரிக்கு ஜி.எஸ்.டி. போடுகிறது. மாநில சர்க்கார் தானே நடத்தும் லாட்டரிக்கு 12 சதவீதம், ஏஜெண்டுகள் மூலம் வெளி மாநிலங்களில் விற்கும் லாட்டரிக்கு 28 சதவீதம் என்று 2017-ல் இருந்தது. லாட்டரி முதலாளிகளுக்குச் சாதகமாக இந்த வித்தியாசத்தை எடுக்கக் கூடாது என்று கேரள நிதி அமைச்சர் தோழர் தாமஸ் ஐசக் போராடினார். 2019 டிசம்பரில் ஜி.எஸ்.டி. கவுன்சிலில் முதன்முதலாக ஓட்டெடுப்பு நடந்தது இந்த லாட்டரி விஷயத்தில்தான். கேரளத்தின் வாதம் தோற்றது. 2020 மார்ச் முதல் இரண்டுக்கும் 28 சதவீதம். 2025 செப்டம்பர் 22 முதல் 40 சதவீதம்.

அதே காலத்தில் பணக்காரர்களுக்கு என்ன நடந்தது? செல்வ வரி 2015-ல் ஒழிக்கப்பட்டது. பெரிய கம்பெனிகளின் வருமான வரி விகிதம் 2019 செப்டம்பரில் 30-லிருந்து 22 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. கோடீஸ்வரனுக்கு வரிக் குறைப்பு. கூலிக்காரன் வாங்கும் சீட்டில் வரி உயர்வு!

இன்னொன்றும் சொல்ல வேண்டும். தேர்தல் பத்திரத் திட்டம் சட்ட விரோதம் என்று சுப்ரீம் கோர்ட் 2024 பிப்ரவரி 15-ல் ரத்துச் செய்தது. அடுத்த மாதம் பட்டியல் வெளிவந்தது. நாட்டிலேயே மிக அதிகமாக, 1,368 கோடி ரூபாய்க்குப் பத்திரம் வாங்கிய கம்பெனி எது? டாட்டாவா, அம்பானியா? கோயம்புத்தூரை இருப்பிடமாகக் கொண்ட ஃபியூச்சர் கேமிங் என்ற லாட்டரிக் கம்பெனி! அதில் திரிணாமூல் காங்கிரசுக்கு 540 கோடிக்கு மேல், தி.மு.க.வுக்கு 500 கோடிக்கு மேல், பா.ஜ.க.வுக்கு 100 கோடி. இடதுசாரிக் கட்சிகள் தேர்தல் பத்திரப் பணத்தை வாங்கவில்லை. இதே கம்பெனியின் அதிபர் மார்ட்டினிடமிருந்து 2007-ல் கேரளத்தின் தேசாபிமானி ஏடு 2 கோடி ரூபாய் பெற்றபோது, பெரும் கண்டனம் எழுந்து அந்தப் பணம் திருப்பிக் கொடுக்கப்பட்டது. லாட்டரிப் பணம் எந்த வாசலிலும் நுழையப் பார்க்கும். காவல் இருக்க வேண்டும் என்பதே அதன் பாடம்.

ஐம்பது ரூபாய் கொடுத்த கூலித் தொழிலாளிக்குத் தன் பணம் எந்தக் கட்சி ஆபீசில் போய்ச் சேர்ந்தது என்று தெரியுமா?

புரட்சி நாடுகளின் அனுபவம்

சோஷலிஸ்டு நாடுகள் என்ன செய்தன? சோவியத் நாட்டிலும் லாட்டரி இருந்தது. 1970-ல் ஸ்போர்ட்லோட்டோ என்ற எண் லாட்டரி தொடங்கினார்கள். சீனத்தில் 1987 முதல் சமூக நல லாட்டரி நடக்கிறது. ஆனால் நமது கவனத்துக்கு உரியது கியூபா. பாடிஸ்டா காலத்துக் கியூபாவில் தேசிய லாட்டரி ஊழலுக்குப் பெயர் போனது. 1959-ல் புரட்சி வெற்றி பெற்றதும் அந்த ஸ்தாபனத்தை எடுத்துவிட்டு, சேமிப்பு-வீட்டு வசதி ஸ்தாபனம் ஒன்றை அமைத்தார்கள். புரட்சி வீராங்கனை பஸ்தோரா நூன்யெஸ் அதற்குத் தலைமை தாங்கினார். சீட்டு வாங்கியவரின் பணம் பறிபோகாமல் சேமிப்புப் பத்திரமாக நிற்க வழி செய்தார்கள். அந்தப் பணத்தில் தொழிலாளருக்கு வீடுகள் கட்டினார்கள். பிறகு லாட்டரியையே நிறுத்தினார்கள். ஜனங்களின் சூதாட்டப் பழக்கத்தைத் திட்டுவதோடு நில்லாமல், அந்தக் காசைச் சேமிப்பாகவும் கூரையாகவும் மாற்றியது அந்தப் புரட்சி.

என்ன செய்ய வேண்டும்?

ஏன் வாங்குகிறான் என்ற கேள்விக்கு விடை காணாமல் தடை மட்டும் போதாது. மானாவாரிப் பூமி இது. மழை பொய்த்தால் உளுந்தும் பருத்தியும் போச்சு. மகள் கல்யாணம், மகன் படிப்பு, தாயின் ஆபரேஷன், குழுக் கடனின் வாரத் தவணை எல்லாம் ஒன்றாக வந்து கழுத்தை நெரிக்கின்றன. இந்தக் கூலியில் ஆயுசு முழுவதும் உழைத்தாலும் ஐம்பதாயிரம் ரூபாயை ஒன்றாகக் காண முடியாது என்று தெரிந்தவன், ஒரே நாளில் காணலாம் என்று சொல்கிறவனிடம் போகிறான். அவன் முட்டாள் அல்ல. அவனுக்கு வேறு கதவு எதுவும் திறந்திருக்கவில்லை. திறந்திருப்பதாகத் தோன்றும் ஒரே கதவுக்கு முன்னால் ஒரு கொள்ளைக்காரன் உட்கார்ந்து கட்டணம் வாங்குகிறான்.

ஆகவே நமது கோரிக்கைகளைச் சொல்கிறேன்.

முதலாவது, மூணு நம்பர் எழுதுகிற பையனைப் பிடித்து வழக்குப் போட்டுக் கணக்குக் காட்டுவது போதாது. பணம் போய்ச் சேரும் முதலாளியைப் பிடிக்க வேண்டும். செல்போன் சூதாட்டத்தைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2022-ல் சட்டம் இயற்றி 2023-ல் நிறைவேற்றினார்கள். மத்தியிலும் 2025-ல் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களுக்குத் தடைச் சட்டம் வந்திருக்கிறது. சட்டங்கள் காகிதத்தில் தூங்கக் கூடாது.

இரண்டாவது, பீடித் தொழிலாளருக்குச் சட்டப்படியான கூலியும், ஊரக வேலைத் திட்டத்தில் வேலையும் குறித்த காலத்தில் கூலியும் கிடைக்க வேண்டும்.

மூன்றாவது, அவசரத்துக்குக் கை நீட்ட இடம் வேண்டும். கூட்டுறவுச் சங்கத்தில் நிலமில்லாத தொழிலாளிக்கும் குறைந்த வட்டிக்குச் சிறு கடன் கொடுக்க வேண்டும்.

நான்காவது, சங்கரன்கோவில் அரசு மருத்துவமனையில் டாக்டரும் மருந்தும் குறைவின்றி இருக்க வேண்டும். அதற்கான பணத்தைச் செல்வந்தர் மேல் வரி போட்டு எடுங்கள்.

சர்க்காரிடம் கேட்பது ஒரு பக்கம். நாம் செய்ய வேண்டியது இன்னொரு பக்கம். தாய்மார்களே, பத்துப் பேர், இருபது பேர் சேர்ந்து சங்கத்தின் மேற்பார்வையில் சேமிப்புச் சீட்டு நடத்துங்கள். மூணு நம்பருக்குப் போகும் 50 ரூபாயை நாள்தோறும் அங்கே போட்டால் வருஷ முடிவில் 18,250 ரூபாய் முழுசாகக் கைக்கு வரும். இதில் தோற்கிறவர் இல்லை. வாலிபர்களே, டீக்கடையில் உட்கார்ந்து நான் போட்ட கணக்கைத் தினமும் ஒருவருக்குப் போட்டுக் காட்டுங்கள். சீட்டில் மாட்டிக்கொண்ட தோழரை ஏசாதீர்கள், கேலி செய்யாதீர்கள். வெட்கத்தால் மறைத்த கடன்தான் குடும்பத்தைக் கொல்கிறது. சங்கத்துக்கு வந்து சொல்லட்டும். கடன்காரனிடம் பேச நாம் கூடப் போவோம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமையே ஒவ்வொரு தெருவிலும் சேமிப்புச் சீட்டுக்குப் பெயர் எழுதத் தொடங்குங்கள். கூலி உயர்வு மனுவில் கையெழுத்து வாங்கும் தோழர்கள் இந்தப் பெயர்ப் பட்டியலையும் கையோடு எடுத்துச் செல்ல வேண்டும் என்று கேட்டுக்கொண்டு என் பேச்சை முடிக்கிறேன்.